அப்பாவின் தண்ணீர்

“தீவுக்காரங்களுக்கு வெயில் ஒரு பொருட்டா?” என்று டேரன் ஒவ்வொரு அறுவடைக்கும் கேட்பான். அதே கேள்வி, அதே சிரிப்பு. அவன் எங்கள் மேற்பார்வையாளன். முதல் சில வருஷம் நானும் கூடச் சிரித்து வைத்தேன். இப்போது அதைக் கேட்டால், அவன் வாயில் ஒரு பிடி ராபின்வேல் செம்மண்ணை அள்ளிப் போடலாம் போலிருக்கிறது.

எங்கள் தீவு டோங்காவில் வெயில் இல்லை என்று யார் சொன்னது? இருக்கிறது. ஆனால் அங்கே அதற்குத் துணையாகக் கடல் காற்று இருக்கிறது, மாமர நிழல் இருக்கிறது, மத்தியானத்தில் மனுஷன் படுக்க வேண்டும் என்கிற புத்தியும் இருக்கிறது. வேர்வை வழிவது கண்ணுக்குத் தெரியும். தெரிந்தால் தண்ணீர் குடிப்போம். இங்கே திராட்சைத் தோட்டத்தில் வேர்வை தோலுக்கு வந்ததுமே காய்ந்துவிடுகிறது. சட்டையில் வெள்ளையாய் உப்புக் கோடு மட்டும் நிற்கும். புதிதாக வந்தவன், ‘எனக்கு வேர்க்கவே இல்லையே, நம் ஊரைவிட இது தேவலாம்’ என்று நினைத்துக்கொண்டே கருவாடாகிக்கொண்டிருப்பான். தீவுக்காரன்தான் இதில் அதிகமாக ஏமாறுகிறவன். இதை டேரனுக்கு எத்தனையோ தடவை சொன்னேன். செவிடன் காதில் ஊதிய சங்கு.

என் பெயர் ஃபூசி. டோங்காவிலிருந்து கடல் தாண்டி இந்த ராபின்வேலுக்கு வாக்கப்பட்டு வந்து, பிள்ளைகளை வளர்த்து, புருஷனையும் இங்கேயே புதைத்தாகிவிட்டது. திராட்சை வெட்டுவதுதான் எனக்குத் தெரிந்த வேலை. போன அறுவடைக்கு என் தம்பி ஃபிலிமோனேயும் அவன் மகன் லிசியாத்தேயும் டோங்காவிலிருந்து ஆறு மாத வேலைக்கு வந்தார்கள். லிசியாத்தே எனக்கு மருமகன் முறை. வாசற்படியில் குனிந்து நுழைகிற உயரம்; தேவாலயப் பாட்டுக் குழுவில் அவன் குரல் எழும்பினால் முன்வரிசைக் கிழவிகள் கைக்குட்டையை எடுத்துவிடுவார்கள். அவ்வளவு பெரிய உடம்புக்குள் ஒரு எதிர்ப்பேச்சு கிடையாது. டேரனுக்கு அவன் பெயரைச் சொல்லச் சோம்பல். ‘லீ’ என்று கூப்பிடுவான். இவன் அதற்கும் “சரிங்க” என்பான்.

எங்கள் குடும்பத்தில் சில வழக்கங்கள் உண்டு. அப்பாவின் தலையைப் பிள்ளைகள் தொடக்கூடாது. அப்பா சாப்பிட்ட தட்டில் சாப்பிடக்கூடாது. அப்பா குடிக்கிற பாத்திரத்தில் வாய் வைக்கக்கூடாது. அவர் எடுத்துக் கொடுக்காமல் அதைத் தொடவே கூடாது. ஆக்லாந்திலும் சிட்னியிலும் வளர்ந்த டோங்காப் பிள்ளைகள் இதையெல்லாம் காற்றில் விட்டுவிட்டார்கள். அப்பன் தலையில் தாளம் போடுகிறார்கள். நாங்கள் போதகர் வீட்டுப் பிள்ளைகள், விடவில்லை. அக்கா தம்பிக்கும் இப்படித்தான். வயசு வந்த பிறகு நானும் ஃபிலிமோனேயும் ஒரே அறையில் உட்கார்ந்ததில்லை. நான் உள்ளே இருந்தால் அவன் வாசலில் இருப்பான். பேச வேண்டியதை யாராவது நடுவில் நின்று சொல்வார்கள். அத்தைக்கு மட்டும் எங்கள் ஊரில் தனி இடம். அத்தை வந்தால் அப்பனே எழுந்து நிற்க வேண்டும். அத்தை ஒன்று சொன்னால் அதற்கு மேல் பேச்சில்லை.

சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும். ஒவ்வொருவருக்கும் ஒரு தீட்டு இருக்கத்தான் செய்கிறது. டேரனிடம் ஒரு நீலப் பாட்டில் இருந்தது, அவன் பெயர் எழுதி ஒட்டியது. அறுவடை தொடங்கிய வாரத்தில் என் கூட்டாளி ஓஃபா தெரியாமல் அதை எடுத்து ஒரு மடக்குக் குடித்துவிட்டாள். டேரன் ஒன்றும் திட்டவில்லை. சிரித்துக்கொண்டே பாட்டிலை வாங்கினான், மிச்சத் தண்ணீரை மண்ணில் கவிழ்த்தான், பாட்டிலையே குப்பைத்தொட்டியில் போட்டுவிட்டுப் போய்விட்டான்.

“பாட்டில கழுவுனா போதாதா? எனக்கென்ன பெருவியாதியா?” என்றாள் ஓஃபா.

“விடுடி, அது அவங்க வழக்கம்” என்றேன் நான். அன்றைக்கு இருவரும் வயிறு வலிக்கச் சிரித்தோம்.

ஜனவரிக் கடைசியில் அந்த வெப்பம் வந்தது. ஒரு நாள் சுட்டெரித்து மறுநாள் தணிந்தால் உடம்பு தாங்கிக்கொள்ளும். இது அப்படியில்லை. ராத்திரியும் வீட்டுக்குப் போகாத விருந்தாளி மாதிரி கூடவே தங்கிவிட்டது. தொழிலாளர் தங்குகிற தகர அறைகள் விடிகிற வரைக்கும் சூடு ஆறவில்லை. மின்விசிறி போட்டால் அடுப்பங்கரைக் காற்றை அள்ளி முகத்தில் வீசியது. பையன்கள் கட்டிலை விட்டு இறங்கி, சிமெண்டுத் தரையில் ஈரத்துண்டை விரித்துப் படுத்தார்கள். முதல் நாள் வெயிலைத் தாங்கியவன் நாலாம் நாளும் தாங்குவான் என்று நினைப்பது முட்டாள்தனம். ராத்திரி ஆறாத உடம்பு நேற்றைய சூட்டையும் சுமந்துகொண்டுதான் காலையில் எழுந்திருக்கிறது. ஓஃபா பகலில் காரணமில்லாமல் எரிந்து விழுந்தாள். எனக்குத் தலை விண் விண்ணென்று தெறித்தது. ஒன்றுக்குப் போனால் டீ டிகாஷன் நிறம்.

நாலாம் நாள் காலையில் ரேடியோவில் நாற்பத்தைந்து டிகிரி என்றார்கள். இருட்டோடு தொடங்கி வெயில் ஏறுவதற்குள் நிறுத்திவிடலாம் என்று டேரன் வாக்குக் கொடுத்திருந்தான். நிறுத்துகிற நேரத்தில் பிக்கப் வண்டியை ஓட்டிக்கொண்டு வந்து நின்றான். அந்த வண்டியில்தான் எங்களுக்குத் தண்ணி டிரம் வரும்.

“ஃபூசி, கடைசித் தோப்பையும் இன்னிக்கே முடிச்சிரணும். முதலாளி போன்ல கத்துறாரு. நாளைக்கு விட்டா பழமெல்லாம் கொடியிலேயே சுருங்கிப் போயிரும்.”

“பழம் சுருங்கும், மனுசன் சுருங்க மாட்டானா?”

“கொஞ்ச நேரந்தான். உங்களுக்கு இதெல்லாம் ஒரு வெயிலா?”

பழத்துக்குச் சட்டம் இருக்கிறது. வெட்டிய கொத்து வெயிலில் கிடக்கக்கூடாது, பெட்டிக்கு மேலே வெள்ளைத்துணி போட வேண்டும், ஒரு டீ குடித்து முடிக்கிற நேரத்துக்குள் குளிர் அறைக்குப் போய்ச் சேர வேண்டும். இருந்த டிராக்டர் அதற்குப் போதவில்லை. அதனால் டேரன் என்ன செய்தான் தெரியுமா? பிக்கப்பிலிருந்து தண்ணி டிரம்மைப் பழக்கொட்டகைப் பக்கத்தில் இறக்கி வைத்துவிட்டு, அந்த இடத்தில் திராட்சைப் பெட்டிகளை ஏற்றினான். ஏற்றி இறக்கப் பலசாலி ஒருவன் வேண்டும் என்று ஃபிலிமோனேயைக் கூட்டிக்கொண்டு போனான். ஃபிலிமோனே தனக்குத் தெரிந்த அரைகுறை ஆங்கிலத்தில், “தண்ணி? பிள்ளைங்களுக்கு?” என்று கேட்டிருக்கிறான். “அடுத்த நடையில” என்றானாம் டேரன். அந்த நடையிலும் அதையேதான் சொன்னான். அதற்கடுத்த நடையிலும்.

கடைசித் தோப்பில் நானும் ஓஃபாவும் ஒரு பக்கம், லிசியாத்தே மறுபக்கம். நடுவில் வரிசை வரிசையாகக் கொடி; ஆள் தெரியாது, குரல்தான் கேட்கும். அவன் பாடிக்கொண்டே வெட்டுவான். எங்கள் பாட்டில்கள் காலி. டேரனுக்குப் போன் போட்டேன்.

“தண்ணி எங்க டேரன்?”

“வந்துக்கிட்டே இருக்கு.”

“கொட்டகையிலேர்ந்தா, டோங்காவிலேர்ந்தா?”

“அடுத்த நடையில ஃபூசி, சத்தியமா.”

ஓஃபா கத்தரிக்கோலைக் கீழே போட்டாள். “இவன் சத்தியத்தைப் புழிஞ்சா ஒரு சொட்டுத் தண்ணி வருமா பாரு” என்றாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அப்போதுதான் கவனித்தேன்: பாட்டு நின்றிருந்தது.

கொடிக்கு அடியில் புகுந்து அவன் வரிசைக்குப் போனேன். தள்ளுவண்டி சாய்ந்து கிடந்தது. லிசியாத்தே நின்றுகொண்டு பழத்தை விட்டுவிட்டு இலையை வெட்டிக்கொண்டிருந்தான். பெட்டி நிறைய இலை, அழகாக அடுக்கி வைத்திருந்தான். என்னைப் பார்த்து இளித்தான்.

“ஏய் ஃபூசி! என்னடி, கடலுக்கு வரியா?”

அத்தையை ‘ஏய்’ என்றும் ‘டி’ என்றும். எங்கள் ஊரில் குடித்துப் புரள்கிறவன்கூட அத்தையை அப்படிக் கூப்பிட மாட்டான். ஒரு மூச்சு நேரம் எனக்கு ரத்தம் கொதித்தது, கை ஓங்கினேன். ஓங்கிய கை அப்படியே நின்றது. என் மருமகன் பேசவில்லை. அவன் மண்டைக்குள் ஏறிய சூடு பேசுகிறது. ஓங்கிய கையால் கன்னத்தைத் தொட்டேன். சோற்றுப்பானை மூடி மாதிரிச் சுட்டது. ஒரு பொட்டு ஈரமில்லை.

“அப்பா எங்க?” என்றான். “அலை பெருசா வருது, அப்பாவ…” அதோடு கால் மடங்கி விழுந்தான்.

அவன் விழுந்த இடத்துக்குப் பக்கத்துக் கம்பத்தில் ஃபிலிமோனேயின் கூஜா தொங்கிக்கொண்டிருந்தது. பெரிய பிளாஸ்டிக் கூஜா. ஈரச்சாக்கில் சுற்றி, காலையில் அவன் மாட்டிவிட்டுப் போனது. விழுந்தவன் கையை நீட்டினால் தொடலாம். தூக்கினேன். கனத்தது. கழுத்து வரைக்கும் தண்ணீர், ஒரு மடக்குக் குறையாமல்.

எனக்கு வந்த கோபத்தை நான் எங்கே போய்ச் சொல்ல! அத்தை என்கிற மரியாதை வெந்துபோயிற்று, இலைக்கும் பழத்துக்கும் வித்தியாசம் தெரியாத அளவுக்கு மூளை வெந்துபோயிற்று. அப்பாவின் தண்ணீரைத் தொடக்கூடாது என்பது மட்டும் வேகவில்லை.

மூடியைத் திறந்து அவன் தலையில் கவிழ்த்தேன். கழுத்தில், அக்குளில், தொடையிடுக்கில் ஊற்றினேன். வாயில் ஊற்றவில்லை; நினைவில்லாதவன் வாயில் ஊற்றினால் மூச்சில் ஏறும். சட்டையைக் கிழித்தேன். வெட்கம் பார்க்கிற நேரமா? ஓஃபா தன் தொப்பியைக் கழற்றி விசிறிக்கொண்டே கத்தினாள். “டேரா…ன்! ஆளு போவுதுடா!”

பிக்கப் வந்தது. மேலே பெட்டிகளோடு பெட்டியாக ஃபிலிமோனே நின்றிருந்தான். மகனைப் பார்த்தான், என் கையிலிருந்த காலிக் கூஜாவைப் பார்த்தான். திராட்சைப் பெட்டிகளை ஒவ்வொன்றாகத் தூக்கி மண்ணில் எறிய ஆரம்பித்தான்.

“டேய் டேய்! பழம்! பழம்!” என்று டேரன் கத்திக்கொண்டு இறங்கினான்.

“பழமாடா உனக்கு?” என்று நான் போட்ட சத்தத்தில் அவன் வண்டிக் கதவோடு ஒட்டிக்கொண்டான். “ஏறி ஓட்டு. குளிர் அறைக்கு. இப்பவே.”

“குளிர் அறையா? ஃபூசி, அதுல ஏற்றுமதிப் பழம் இருக்கு. மண்ணும் ஈரமுமா உள்ள போனா மொத்தத்தையும் திருப்பி அனுப்பிருவாங்க. நிழல்ல படுக்க வைப்போம், ஆம்புலன்சுக்குச் சொல்லிட்டேன்.”

அவன் சொல்லியிருந்தான், அதை மறைக்கக்கூடாது. ஆனால் ஆம்புலன்ஸ் வருகிற நேரத்துக்கு அந்த மூளை காத்திருக்காது. நிழலில் படுக்க வைப்பானாம். நிழலிலும் அதே காற்றுதானே? நெருப்பில் விழுந்தவனை அடுப்பு மேடையில் தூக்கி வைக்கிற கதை.

“நீ ஓட்டுறியா, என் தம்பி உன்ன இறக்கிட்டு ஓட்டட்டுமா?”

ஓட்டினான். கொட்டகை வாசலில் இறங்கியபோது முதலில் என் கண்ணில் பட்டது அந்தத் தண்ணி டிரம். நிறைய இருந்தது. மேலே நிழலுக்குச் சாக்குக்கூடப் போட்டிருந்தார்கள். ஃபிலிமோனே மகனைத் தோளில் தூக்கிக்கொண்டு குளிர் அறைக்குள் போனான், விசிறிக்கு நேர் கீழே போட்டான். நாங்கள் வாளி வாளியாக டிரம் தண்ணீரை மொண்டு ஊற்றினோம். சுற்றிலும் உயர உயரத் திராட்சைப் பெட்டிகள், ஒவ்வொரு கொத்துக்கும் ஒரு காகித உறை, ஒவ்வொன்றும் ஜில்லென்று. அவ்வளவு சுகத்தை எங்களில் ஒருவனுக்கும் அந்தத் தோட்டம் ஒருநாளும் கொடுத்ததில்லை.

ஆம்புலன்சில் வந்த பெண், “இங்கே கொண்டு வந்து நனைச்சது யாரு? அதனாலதான் உயிர் மிஞ்சியிருக்கு” என்றாள். டேரன் தலையைக் குனிந்துகொண்டு ஈரத்தரையைப் பார்த்தான். எத்தனை பெட்டி நனைந்தது என்று பார்த்தானோ என்னவோ.

மில்டுரா ஆஸ்பத்திரியில் லிசியாத்தே கண் திறக்கவே சில நாள் ஆயிற்று. திறந்ததும் முதல் வார்த்தை, “அத்தை, உங்கள நான் எதாவது தப்பாப் பேசினேனா?”

“பேசுன. எந்திரிச்சு நின்ன பொறவு உத வாங்கிக்க.”

சிரிக்கப் பார்த்தான். உதடு வெடித்திருந்ததால் முடியவில்லை.

சூடு அவன் தசைகளை உள்ளுக்குள்ளேயே கரைத்து, அந்தக் கசடு சிறுநீரகத்தில் போய் அடைத்துக்கொண்டதாம். மூத்திரம் இறங்கவில்லை. அதனால் குடிக்கிற தண்ணீருக்கு அளவு வைத்துவிட்டார்கள். காலையில் ஒரு சின்னக் கப், மத்தியானம் ஒன்று, சாயங்காலம் ஒன்று. தாகத்தில் விழுந்தவனுக்கு மருந்தே தாகம். மத்தியானக் கப்பை அவன் ஒரேயடியாகக் குடிக்க மாட்டான். தட்டில் வைத்துப் பார்த்துக்கொண்டிருப்பான்; நாக்கு ஒட்டிக்கொண்டால் ஒரு சொட்டு. நான் கட்டிலருகில் இருந்தேன், ஃபிலிமோனே வழக்கப்படி வராந்தாவில் இருந்தான், தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு.

கேட்காமல் இருக்க முடியவில்லை. “கைக்கெட்டுற தூரத்துல தண்ணி இருந்துச்சேடா. ஏன்டா தொடல?”

“அப்பாவோடது, அத்தை.”

“அத்தை தோப்புலதானே இருந்தேன். ஒரு குரல் கொடுத்தா நான் எடுத்துக் கொடுத்திருப்பேன்ல?”

“தண்ணி வண்டி வரும்னு டேரன் சொன்னாரே.” கப்பைப் பார்த்துக்கொண்டே, “அப்பாவும் வெயில்லதான பெட்டி தூக்கப் போனாரு? திரும்பி வந்தா அவருக்கு வேணுமேன்னு இருந்தேன்” என்றான்.

நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். வராந்தாவில் ஃபிலிமோனேயின் முதுகு குலுங்கியது. அவன் காதிலும் விழுந்திருக்கிறது.

மறுநாள் மத்தியானம் டேரன் வந்தான். கையில் ஒரு பெட்டி திராட்சை. திராட்சை! எங்களுக்கு!

“அப்பப்பா, வெளியில கொதிக்குது” என்று நாற்காலியில் விழுந்தான். “வர்ற வழியில வண்டி ஏசி வேற படுத்துருச்சு. தொண்டையெல்லாம் ஒட்டிக்கிச்சு. லீ, எப்படிப்பா இருக்க? பொழச்சுக்கிட்ட, அது போதும்.” நல்ல வார்த்தைகளாகக் கொஞ்சம் சொன்னான். பிறகு நாற்காலியை இழுத்துக் கட்டிலுக்குப் பக்கத்தில் போட்டுக்கொண்டான்.

“தம்பி, அரசாங்கத்து வேலைப் பாதுகாப்பு ஆளுங்க வந்து உன்கிட்ட கேப்பாங்க. நீ ஒரு பொய்யும் சொல்ல வேணாம். உள்ளதைச் சொல்லு. உன் பக்கத்துல தண்ணி இருந்துச்சுல்ல?”

“இருந்துச்சு.”

“கூஜா நிறைய?”

“ஆமா.”

“குடிக்காதேன்னு நாங்க யாரும் தடுக்கலையே?”

“இல்லீங்க.”

“அவ்வளவுதான். அதைச் சொன்னாப் போதும்.”

வாழைப்பழத்தில் ஊசி ஏற்றுகிறான். என் மருமகனும் தலையை ஆட்டிக்கொண்டிருக்கிறான். அவன் ஏன் குடிக்கவில்லை என்று சொல்ல மாட்டான். சொன்னால் அப்பா பேரில் பழி விழும் என்று பயம். சொல்லாவிட்டால் தன் பேரில் விழும். கவனமில்லாதவன், தானாக வரவழைத்துக்கொண்டான் என்று அடுத்த விமானத்தில் ஏற்றிவிடுவார்கள், அடைத்த சிறுநீரகத்தோடு.

“தண்ணி டிரம்ம வண்டியிலேர்ந்து இறக்குனது யாரு டேரன்?” என்றேன்.

“அது வேற விஷயம் ஃபூசி.”

“எப்படி வேற?”

“டிரம் வரல, சரி, தப்புதான். ஆனா அங்க தண்ணி இருந்துச்சே! நீங்களே அதைத்தானே எடுத்து அவன் தலையில ஊத்துனீங்க? காலிக் கூஜாவ நான் என் கண்ணால பாத்தேன். தண்ணிய முன்னால வச்சுக்கிட்டு ஒரு மனுசன் குடிக்காம இருந்தா அதுக்குத் தோட்டம் என்ன பண்ணும்? உலகத்துல யாராவது அப்படி இருப்பாங்களா? சொல்லுங்க.”

நான் வாயைத் திறப்பதற்குள் வாசலில் நிழல் விழுந்தது. ஃபிலிமோனே. அன்றைய குளிர் அறை அவசரத்தைத் தவிர்த்தால், நான் இருக்கிற அறைக்குள், சிறு பிள்ளைகளாக இருந்த காலத்துக்குப் பிறகு முதல் தடவையாக, என் தம்பி வந்து நின்றான். டேரனைப் பார்த்தான். தட்டிலிருந்த கப்பை எடுத்தான். மகனுடைய மத்தியானத் தண்ணீர். இரண்டு சொட்டுத்தான் குறைந்திருந்தது. அதில் தன் வாயை வைத்து ஒரு சிறு மடக்குக் குடித்தான். பிறகு டேரனிடம் நீட்டினான்.

“குடி.”

டேரன் சிரித்தான். “இல்ல இல்ல, பரவால்லப்பா. எனக்கு வேணாம்.”

“தொண்டை ஒட்டுது, சொன்ன. குடி.”

“கீழ போய் வாங்கிக்கிறேன்.”

ஃபிலிமோனே கையை மடக்கவில்லை. கப் டேரனின் மூக்குக்கு நேராக நின்றது. நோயாளி வாய் வைத்தது, அவன் அப்பன் வாய் வைத்தது. டேரனின் தலை தானாகவே பின்னுக்குப் போயிற்று. முகம், ஓஃபா குடித்த பாட்டிலைக் குப்பையில் போட்ட அன்றைக்கு இருந்த மாதிரியே இருந்தது. காய்ந்த உதட்டை நாக்கால் தடவிக்கொண்டான். கை மட்டும் நீளவில்லை.

“தண்ணி இருக்கே டேரன்” என்றேன். “உன் முன்னாலயே இருக்கு. நாங்க யாரும் தடுக்கலையே? ஏன் குடிக்கல?”

அவன் கழுத்து சிவந்தது. தொப்பியை எடுத்துக்கொண்டு எழுந்தான்.

“பாதுகாப்பு ஆளுங்க என்கிட்டயும் கேக்கணும், ஞாபகம் வச்சுக்க” என்றேன் அவன் முதுகைப் பார்த்து. “டிரம் எங்க இருந்துச்சுன்னு நானும் உள்ளதைத்தான் சொல்லுவேன். ஓஃபாவும் சொல்லுவா. எடுத்துட்டுப் போ உன் திராட்சைய.”

எடுத்துக்கொண்டுதான் போனான்.

அறையில் நாங்கள் மூன்று பேர். ஃபிலிமோனேயின் கையில் இன்னும் கப் இருந்தது. என்ன செய்துவிட்டோம் என்று அப்போதுதான் அவனுக்கு உறைத்தது போலிருக்கிறது. அப்பா வாய் வைத்த பாத்திரம். சாயங்காலம் வரைக்கும் பையனுக்கு வேறு தண்ணீர் கிடையாது. லிசியாத்தே கப்பையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு பார்வையைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டான்.

“இங்க பாருடா” என்றேன். “நான் யாரு?”

“அத்தை.”

“அத்தை சொல்லுக்கு மேல சொல் உண்டா?”

“இல்ல.”

“குடி.”

அப்பா முகத்தைப் பார்த்தான். ஃபிலிமோனே கட்டிலருகில் குனிந்து, மகன் தலைக்குப் பின்னால் கையைக் கொடுத்துத் தூக்கி, கப்பை அவன் உதட்டில் வைத்தான். பையன் கண்ணை மூடிக்கொண்டு குடித்தான். கண்ணோரத்தில் வழிந்தது. அந்த உடம்பில் அதற்கு மட்டும் எங்கிருந்து தண்ணீர் மிச்சமிருந்ததோ!

நான் அழவில்லை. எனக்கு ஆத்திரம்தான் வந்தது, இன்றைக்கும் வருகிறது. இந்த ஒரு மடக்கை அன்றைக்கே குடித்திருக்கலாமே என்று கேட்கிறவர்கள் ஊருக்குள் இருக்கிறார்கள். எங்கள் ஆட்களிலேயே இருக்கிறார்கள். அவர்களுக்கெல்லாம் நான் ஒன்றுதான் சொல்கிறேன்: ஒரு வண்டியில் தண்ணீர் இருந்தது. அதை இறக்கிவிட்டுத் திராட்சையை ஏற்றினார்கள்.